அணுவைக் கண்டவர் யார்?

பத்தொன்பதாம் நூற்றாண்டின் இறுதியில் வியன்னா நகரத்து அறிஞர் அவைகளில் ஒரு கேள்வி அடிக்கடி எழுந்தது. அதை எழுப்பியவர் எர்ன்ஸ்ட் மாஹ். இயற்பியலிலும் தத்துவத்திலும் ஒருசேரப் பெயர் பெற்றவர். தம் முன்னிலையில் எவரேனும் அணுவைப் பற்றிப் பேசத் தொடங்கினால், அப்படி ஒன்றையேனும் பார்த்ததுண்டா என்று கேட்பது அவர் வழக்கம் என்பர். புலன்களுக்கு எட்டாத ஒன்றை உள்பொருள் எனக் கொள்வது அறிவியலுக்கு அடாது, அணு என்பது கணக்கை எளிதாக்கும் ஒரு கருத்துக் கருவி மட்டுமே என்பது அவர் கொள்கை. அதே வியன்னாவில் லுட்விக் போல்ட்ஸ்மன் எதிர்த் தரப்பில் நின்றார். வாயுவின் வெப்பமும் அழுத்தமும் எண்ணற்ற நுண்துகள்களின் ஓயாத இயக்கமே என்று நிறுவுவதற்குத் தம் வாழ்நாளின் பெரும்பகுதியைச் செலவிட்டவர் அவர். 1906இல் அவர் மறைந்தபோது அந்த வழக்கு முடிந்திருக்கவில்லை.

இன்று மாஹைப் பிடிவாதக்காரர் என்று ஒதுக்கிவிடுவது எளிது. பள்ளிச் சிறுவனுக்கும் அணு தெரியும். ஆனால், அச்சிறுவனிடம் மாஹ் அதே கேள்வியைக் கேட்டால் அவன் என்ன விடை கூறுவான்? பாடநூலில் இருக்கிறது என்பான். ஆசிரியர் சொன்னார் என்பான். படம் பார்த்தேன் என்றும் சொல்லக்கூடும். அந்தப் படம் எதன் படம், அதை எடுத்தது எது, அதில் தெரியும் உருண்டைகள் உண்மையில் எவை என்று தொடர்ந்து கேட்டால் பெரியவர்களும் தயங்குவர். மாஹின் வினா தவறான வினா அன்று. ‘அறிந்தேன்’ என்று சொல்லும் ஒருவன் எந்த வழியால் அறிந்தான் என்று கேட்பது அறிவுக்குச் செய்யும் மரியாதை. பாரதத்தின் தரிசனங்கள் எதை எடுத்துக்கொண்டாலும் வாதம் தொடங்குவது பிரமாணத்தில்தான். தமிழில் அதற்கு ‘அளவை’ என்று பெயர்.

தெய்வக் கண்ணும் மாலை மயக்கமும்

மணிமேகலைக் காப்பியத்தின் 27ஆம் காதையில் வஞ்சி மாநகரத்துச் சமயவாதிகள் ஒவ்வொருவராகத் தத்தம் கொள்கையை எடுத்துரைக்கின்றனர். முதலில் பேசும் அளவைவாதி, காண்டல், கருதல், உவமம், ஆகமம் எனத் தொடங்கி அறிவின் வழிகளை வரிசைப்படுத்துகிறான். அதே காதையில் பின்னர் வரும் ஆசீவகன் அணுக்களைப் பற்றிப் பேசுகிறான். தனி அணுவைத் தெய்வக் கண் உடையவர்களே உணர்வர். மற்றவர்களுக்குப் புலப்படுவது அணுக்கள் திரண்ட பூதங்களே என்பது அவன் கூற்று. அதற்கு அவன் காட்டும் உவமை வியக்கத்தக்கது: அந்தி மயங்கும் பொழுதில் ஒற்றை மயிரிழை கண்ணுக்குத் தெரியாது, திரண்ட கூந்தலோ நன்கு தோன்றும். காணாமை பொருளின் இன்மைக்குச் சான்று ஆகாது என்பதை இவ்வளவு எளிய காட்சியால் விளக்குவது அரிது.

கணாதரை முதல்வராகக் கொண்ட வைசேஷிக தரிசனம் இதையே தருக்கத்தின் வழியாக அணுகியது. பலகணி வழியே நுழையும் கதிரொளியில் மிதக்கும் தூசியே கண்ணுக்குப் புலப்படும் மிகச் சிறிய பொருள். அதற்கு ‘திரசரேணு’ என்று பெயர். அதுவும் உறுப்புகளால் ஆனது, ஆதலால் பிரிக்கத்தக்கது. ஆனால் பிரித்தல் முடிவின்றிப் போகுமானால் மேரு மலைக்கும் கடுகுக்கும் உறுப்புகளின் எண்ணிக்கையில் வேறுபாடு இராது, இரண்டும் சமமாகிவிடும். எனவே எங்கோ ஓரிடத்தில் பிரிவு நின்றாக வேண்டும். அங்கே நிற்பது பரமாணு. இது காண்டல் அன்று; கருதல், அதாவது அனுமானம். சங்கரர் தம் பிரம்ம சூத்திர உரையில் இக்கொள்கையைக் கடுமையாக மறுத்தார் என்பதும் நினைவில் கொள்ளத்தக்கது. உறுப்பே இல்லாத இரண்டு பரமாணுக்கள் எப்படி ஒன்றோடொன்று சேரும் என்று அவர் கேட்டார்.

இவற்றை எடுத்துக்காட்டி, நவீன அணுவை நம் முன்னோர் அன்றே கண்டுவிட்டனர் என்று பெருமை பேசுவோர் உண்டு. அது முன்னோருக்கும் பெருமை சேர்ப்பதில்லை. திரசரேணுவில் பரமாணுக்கள் ஆறு என்பது பிற்கால வைசேஷிகரின் கணக்கு. இன்றைய கணக்கில் அதே தூசியில் கோடானு கோடி அணுக்கள் அடங்கும். முன்னோர் விட்டுச்சென்றது அணுவின் அளவை அன்று; அணுவைப் பற்றி வாதிடும் முறையை.

ஐரோப்பாவிலும் வழக்கு முதலில் தீர்ந்தது கருதலால்தான். நீரில் மிதக்கும் நுண்துகள்கள் ஓயாமல் துள்ளுவதை நீர் மூலக்கூறுகளின் மோதலால் விளக்கும் கணிதத்தை 1905இல் ஐன்ஸ்டைன் வகுத்தார். பாரிஸ் நகரத்து ஜான் பெரன் 1908 முதல் அந்தத் துள்ளலைப் பொறுமையாக அளந்தார். ஒன்றுக்கொன்று தொடர்பற்ற பல வழிகளில் கணக்கிட்டாலும், குறிப்பிட்ட அளவு பொருளில் உள்ள துகள்களின் எண்ணிக்கை ஏறக்குறைய ஒன்றாகவே வந்தது. பொய்யான கற்பனை ஒன்று இத்தனை வாயில்களிலும் ஒரே விடையைச் சொல்ல இயலாது. மாஹைப் போலவே அணுவை மறுத்துவந்த வேதியியல் அறிஞர் வில்ஹெல்ம் ஆஸ்ட்வால்ட் தம் கருத்தை மாற்றிக்கொண்டார். மாஹ் 1916இல் மறையும்வரை மனம் இணங்கவில்லை என்றே தெரிகிறது. அவர் கேட்டது அனுமானத்தை அல்லவே, காட்சியை.

ஒளியின் எல்லைக்கு அப்பால்

காட்சி கிட்டாமல் போனதற்குக் காரணம் மனிதனின் முயற்சிக் குறைவு அன்று. கண்ணுக்குப் புலனாகும் ஒளியின் அலைநீளம் ஏறத்தாழ 400 முதல் 700 நானோமீட்டர் வரை. அணுவின் குறுக்களவோ ஒரு நானோமீட்டரில் சில பத்தில் ஒரு பங்குகள் மட்டுமே. கடலலை, கரையோரத்தில் நட்ட நாணற்குச்சியைப் பொருட்படுத்தாமல் கடந்து போவதுபோல ஒளியலை அணுவைக் கடந்து போய்விடுகிறது. எத்தனை சிறந்த கண்ணாடி வில்லையைத் தீட்டினாலும், வழக்கமான ஒளி நுண்ணோக்கியால் ஏறக்குறைய 200 நானோமீட்டருக்குக் கீழ் உள்ள நுணுக்கத்தைப் பிரித்துக் காட்ட இயலாது என்பதை எர்ன்ஸ்ட் அபே 1873இலேயே விளக்கிவிட்டார். கண்ணைக் கூர்மையாக்கிப் பயனில்லை. வேறு புலன் தேவைப்பட்டது.

அமெரிக்காவின் பென்சில்வேனியா மாநிலப் பல்கலைக்கழகத்தில் 1955ஆம் ஆண்டு அக்டோபர் மாதம் அந்தத் தருணம் வாய்த்தது. ஜெர்மனியிலிருந்து அங்கு வந்து பணியாற்றிய எர்வின் முல்லரும், அவரிடம் முனைவர் பட்டத்திற்கு ஆய்வு செய்துகொண்டிருந்த இந்தியரான கன்வர் பகதூரும் ஓர் உலோக ஊசியின் முனையை நோக்கிக்கொண்டிருந்தனர். டங்ஸ்டன் என்னும் உலோகத்தால் ஆன அந்த ஊசி கடுங்குளிரில் வைக்கப்பட்டிருந்தது. அதற்குப் பல்லாயிரம் வோல்ட் மின்னழுத்தம் ஏற்றப்பட்டிருந்தது. சுற்றிலும் சிறிதளவு ஹீலியம் வாயு. ஊசிமுனையில் சற்றே துருத்திநிற்கும் அணுவின் அருகே வரும் ஹீலியம் தன் எலக்ட்ரான் ஒன்றை இழந்து, மின்னேற்றம் பெற்று, நேராகத் திரையை நோக்கிப் பாய்கிறது. திரையில் ஒளிப்புள்ளி தோன்றுகிறது. அன்று இருளில் அவர்கள் கண்டது வானத்து விண்மீன்கள் வட்டம் வட்டமாக ஒழுங்கில் நின்றாற்போன்ற ஒரு கோலம். ஒவ்வொரு புள்ளியும் ஓர் அணு நிற்கும் இடம். தனித்தனி அணுக்களின் உருவத்தை மனிதர் கண்ட முதல் நிகழ்ச்சியாக அது போற்றப்படுகிறது. அந்த அறையில் நின்ற இந்தியரின் பெயரை இந்தியாவின் பாடநூல்கள் அதிகம் சொல்வதில்லை என்பது வருத்தத்திற்குரியது.

ஆனால் மாஹ் அங்கே நின்றிருந்தால் விட்டிருப்பாரா? ‘நீங்கள் கண்டது டங்ஸ்டன் அணுவை அன்று, அதன் அருகிலிருந்து புறப்பட்டு வந்த ஹீலியம் மோதிய திரையின் ஒளியை’ என்று அவர் கூறியிருக்கக் கூடும். அது மறுக்க இயலாத உண்மை. கோயில் வாசலில் இருந்து வரும் தூதன் கூறுவதைக் கேட்டு மூலவரைக் கண்டதாகச் சொல்வது போன்றது அது என்று வாதிடலாம்.

அந்த வாதம் தன்னையே வெட்டும் வாள். எதிரே நிற்கும் மரத்தைக் கண்டேன் என்பவன் கண்டது என்ன? மரத்தில் பட்டுத் தெறித்த ஒளி விழித்திரையில் விழுகிறது. அங்கிருந்து நரம்புகள் வழியே ஒரு துடிப்பு மூளைக்குச் செல்கிறது. அங்கே ‘மரம்’ என்னும் அறிவு எழுகிறது. இங்கும் தூதன் இருக்கிறான். ஹீலியத்திற்குப் பதில் ஒளி. தூதன் இன்றிக் காண்பதுதான் காட்சி என்றால் மரத்தையும் எவரும் கண்டதில்லை. ஆகவே கேள்வி, இடையில் தூதன் உண்டா இல்லையா என்பது அன்று. தூதன் வழியில் எதைச் சேர்த்தான், எதை விட்டான் என்று சோதிக்க வழி உண்டா என்பதே.

தடவிக் காண்பது

1981இல் சுவிட்சர்லாந்தின் ஜூரிக் அருகே உள்ள ஐ.பி.எம். ஆய்வகத்தில் கெர்ட் பின்னிக், ஹைன்ரிக் ரோரர் ஆகிய இருவரும் ஒளி, வில்லை ஆகிய இரண்டையும் விட்டுவிட்டனர். கூரிய உலோக முனை ஒன்றைப் பொருளின் பரப்புக்கு மிக நெருக்கமாக, ஆனால் தொடாமல் கொண்டுவந்தனர். இடைவெளி ஒரு நானோமீட்டர் அளவுக்குச் சுருங்கும்போது, கடக்க வழியே இல்லாத அந்த வெற்றிடத்தை எலக்ட்ரான்கள் கடந்துவிடுகின்றன. குவாண்டம் இயற்பியலின் விந்தைகளில் அது ஒன்று. இடைவெளி பத்தில் ஒரு நானோமீட்டர் கூடினால் அந்த மின்னோட்டம் ஏறக்குறைய பத்தில் ஒன்றாகக் குறைந்துவிடும். ஆகவே மின்னோட்டம் மாறாதபடி முனையை ஏற்றியும் இறக்கியும் பரப்பின் மேல் வரிவரியாக நகர்த்தினால், முனை ஏறி இறங்கிய பாதையே பரப்பின் மேடுபள்ளங்களைச் சொல்லும். பார்வையற்ற ஒருவர் கோலால் படிக்கட்டை அறிவதைப் போன்றது இது. 1983இல் வெளிவந்த சிலிக்கன் பரப்பின் படம், பல்லாண்டுகளாக அறிஞர்கள் வாதிட்டுவந்த ஓர் அணு அமைப்பை நேராகக் காட்டியது. 1986இல் இருவருக்கும் நோபல் பரிசு. 1930களில் எலக்ட்ரான் நுண்ணோக்கியை உருவாக்கிய எர்ன்ஸ்ட் ரஸ்காவும் அவர்களோடு அதைப் பகிர்ந்துகொண்டார்.

சில ஆண்டுகளில் அந்தக் கோல் தடவுவதோடு நிற்கவில்லை; தள்ளவும் கற்றுக்கொண்டது. 1989இல் டான் ஐக்லர் என்னும் ஆய்வாளர் கடுங்குளிரில் நிக்கல் பரப்பின் மேல் 35 செனான் அணுக்களை ஒவ்வொன்றாக நகர்த்தி எழுத்துகளை அமைத்தார். படைப்பின் செங்கற்களைக் கையில் எடுத்த மனிதன் முதன்முதலில் எழுதியது தன் நிறுவனத்தின் பெயரின் மூன்று எழுத்துகளை. குழந்தை கரும்பலகை கண்டதும் தன் பெயரை எழுதிப் பார்ப்பது போலத்தான், குறை சொல்வதற்கில்லை.

இருப்பினும் இக்கருவிக்கு ஒரு பெரிய குறை இருந்தது. அது காட்டியது உருவத்தை, பெயரை அன்று. முனை உணர்வது பரப்பின் மேல் எலக்ட்ரான்கள் பரவியிருக்கும் விதத்தை. அங்கே ஓர் அணு நிற்கிறது என்று அது சொல்லும். அது சிலிக்கனா, வெள்ளீயமா, காரீயமா என்று பொதுவாகச் சொல்லாது. உபநிடதங்கள் தோன்றும் உலகத்தை ‘நாம ரூபம்’ என்னும் இரட்டைச் சொல்லால் குறிக்கின்றன. ரூபம் கிடைத்துவிட்டது, நாமம் கிடைக்கவில்லை.

நாமத்தை அறியும் வழி ஒன்று முன்பே இருந்தது. 1960களின் பிற்பகுதியில் எர்வின் முல்லரும் அவர் குழுவினரும் ஊசிமுனை அணுவை மின்புலத்தால் பெயர்த்தெடுத்துப் பறக்கவிட்டு, அது குறிப்பிட்ட தொலைவைக் கடக்க எடுத்துக்கொண்ட நேரத்தைக் கொண்டு அதன் நிறையைக் கணக்கிட்டனர். நிறை தெரிந்தால் பெயர் தெரிந்துவிடும். ஆனால் பெயர் தெரியும் வேளையில் அணு தன் இடத்தில் இல்லை. ஒருவனை ஊரைவிட்டுப் பிடுங்கியெடுத்த பின்னரே அவன் யார் என்று கேட்கும் முறை அது.

இருந்த இடத்திலேயே இருக்கவிட்டு அறியும் முயற்சிகள் வேறு திசைகளிலும் நடந்தன. சிகாகோவில் ஆல்பர்ட் க்ரூ 1970இல் எலக்ட்ரான் கற்றையைக் கொண்டு தனித்த தோரியம் அணுக்களைப் படமெடுத்தார். கனமான அணு கூடுதல் பிரகாசமாகத் தெரிந்தது. 2010இல் ஒற்றை அணுத் தடிப்புள்ள போரான் நைட்ரைடு ஏட்டில், போரான், நைட்ரஜன், இடையே புகுந்துவிட்ட கார்பன், ஆக்சிஜன் ஆகியவற்றை அணு அணுவாகப் பிரித்தறிய முடிந்தது. 2023இல் ஒரே ஓர் இரும்பு அணுவின் எக்ஸ் கதிர்க் கையொப்பமும் பதிவாயிற்று.

தேய்ந்த எடைக்கல்

ஆனால் சிந்தனைக்கு விருந்தாவது 2007இல் ஜப்பானின் ஒசாகா பல்கலைக்கழகத்தில் சுகிமோட்டோ, கஸ்டான்ஸ் முதலியோர், ஐரோப்பியக் கணக்கியல் அறிஞர்களின் துணையோடு செய்த ஆய்வு. அவர்கள் கையாண்டது பின்னிக்கும் துணைவர்களும் 1986இல் அறிமுகப்படுத்திய அணுவிசை நுண்ணோக்கியின் வளர்ந்த வடிவம். இதில் அளக்கப்படுவது மின்னோட்டம் அன்று. முனையின் கடைசி அணுவுக்கும் பரப்பின் அணுவுக்கும் இடையே எழும் ஈர்ப்பு விசை. நியூட்டன் என்னும் அலகில் நூறு கோடியில் ஒரு பங்கு என்னும் அளவில் உள்ள விசை அது. இரண்டு அணுக்கள் பிணையத் தொடங்கும் அந்த வேளையில் எழும் இழுப்பு, அணுவின் இனத்தைப் பொறுத்தது. எனவே இழுப்பை அளந்தால் இனம் தெரியவேண்டும்.

இங்கேதான் சிக்கல். முனையின் நுனியில் இருப்பது எந்த அணு, அது எப்படி அமர்ந்திருக்கிறது என்று ஆய்வாளருக்குத் தெரியாது. பரப்பைத் தடவும்போதே முனை மாறிவிடுவதும் உண்டு. ஒரு முனை சிலிக்கனை வலுவாக இழுக்கும். வேறொரு முனை மெல்ல இழுக்கும். அளந்த எண்ணில் எவ்வளவு பொருளுடையது, எவ்வளவு முனையுடையது என்று பிரிக்க வழியில்லை. காணப்படுவதை அறிய வேண்டுமானால் காண்பானை முதலில் அறிய வேண்டும். காண்பானை அறியவோ கருவி இல்லை. வேதாந்த நூல்களில் திரும்பத் திரும்ப வரும் இடர்ப்பாடு, ஆய்வக மேசையின் மேல் இரும்பும் கம்பியுமாக வந்து நின்றது.

அவர்கள் கண்ட வழி எளிமையானது. முதலில், முனையின் முழு உடலும் பரப்பை இழுக்கும் பொதுவான விசையைக் கழித்தனர். பின்னர் ஒரே முனையால் இரண்டு இன அணுக்களை அளந்து, அவற்றின் அதிகபட்ச இழுப்பை ஒன்றோடொன்று வகுத்தனர். முனை மாறும்போது தனித்தனி எண்கள் மாறின. வகுத்த விகிதம் மாறவில்லை. சிலிக்கனின் இழுப்போடு ஒப்பிட்டால் வெள்ளீயத்தின் இழுப்பு ஏறக்குறைய 77 விழுக்காடு, காரீயத்தினுடையது ஏறக்குறைய 59 விழுக்காடு. மூன்றும் கலந்து கிடந்த பரப்பில், தோற்றத்தை மட்டும் நம்பி இனம் பிரிக்க இயலாத அணுக்களுக்கு இந்த விகிதத்தால் பெயரிட்டனர். முனையின் இரகசியம் கடைசிவரை இரகசியமாகவே இருந்தது. ஆனால் விகிதத்தில் அது அடிபட்டுப் போயிற்று.

சந்தையில் தேய்ந்த எடைக்கல்லை வைத்திருக்கும் வணிகரை நினைத்துப் பார்க்கலாம். அவர் நிறுக்கும் அரிசியும் தவறு, பருப்பும் தவறு. ஆனால் பருப்பு அரிசியைப்போல் இருமடங்கு என்று அவர் சொன்னால் அது சரி. கல் எவ்வளவு தேய்ந்தது என்று அறியாமலே அந்த அளவு உண்மையைப் பெற முடியும். ஒரே ஒரு நிபந்தனை: இரண்டையும் அதே கல்லால் நிறுக்க வேண்டும்.

நியாய நூலார் காட்டும் உவமை என்னும் அளவை இங்கே நினைவுக்கு வருகிறது. காட்டில் வாழும் கவயம் என்னும் விலங்கு பசுவைப் போன்றது என்று கேட்டறிந்த ஒருவன், பின்னர் காட்டுக்குள் அப்படி ஒன்றைக் கண்டதும் ‘இதுதான் கவயம்’ என்று அறிகிறான். அவனுக்குக் கிட்டிய புதிய அறிவு விலங்கின் உருவம் பற்றியது அன்று, உருவத்தைக் கண்ணே தந்துவிட்டது. இந்தப் பெயர் இந்தப் பொருளுக்கு உரியது என்னும் இணைப்பே உவமையின் பயன் என்று நியாய நூலார் நுட்பமாக வரையறுத்தனர். ஒசாகாவில் சிலிக்கன் பசுவாக நின்றது. காரீயமும் வெள்ளீயமும் கவயங்கள். ஒப்புமை முழுமையானது என்று சொல்வதற்கில்லை. எனினும் பெயர் என்பது ஒப்பிடுதலால் வருவது, தனித்து நோக்கினால் வருவதன்று என்பதில் இரண்டும் ஒன்றே.

மனித உறவுகளில் இதன் தாக்கம் சிறிதன்று. தன் மனத்தின் சாய்வுகளை முற்றும் அறிந்தவர் எவரும் இல்லை. பிறந்த இடமும் வளர்ந்த சூழலும் பட்ட காயமும் ஒவ்வொருவர் முனையிலும் ஏதோ ஓர் அணுவை ஒட்டிவைத்திருக்கின்றன. அதை முற்றிலும் துடைத்த பின்பே பிறரை மதிப்பிடுவேன் என்றால் எந்த நீதிபதியும் தீர்ப்பெழுத முடியாது. எந்த ஆசிரியரும் விடைத்தாள் திருத்த முடியாது. அதற்காக, ‘எல்லாம் அவரவர் பார்வை’ என்று கைவிரிப்பதும் சோம்பலே. அறியாத முனையாலும் நேர்மையாக அளக்கலாம். முனையை இடையில் மாற்றாதிருந்தால் போதும். மகன் பொய் சொன்னால் விளையாட்டு, வேலைக்கார அம்மாளின் பிள்ளை பொய் சொன்னால் குணக்கேடு என்னும் வீட்டில் கல் தேய்ந்திருப்பது பிழையன்று. இரண்டு கற்கள் இருப்பதே பிழை. வள்ளுவர் சமன்செய்து சீர்தூக்கும் துலாக்கோலைச் சான்றோர்க்கு உவமையாக்கியதும் இவ்விடத்தில் எண்ணத்தக்கது.

கேட்டு அறிந்தவர்களின் நிலை

இனி அந்தச் சிறுவனிடம் திரும்பலாம். முல்லரும் பகதூரும் கண்டனர். ஒசாகாவில் சிலர் கண்டனர். உலகில் மற்ற அனைவரும் அறிந்தது ஆகமத்தால், அதாவது நம்பத்தகுந்தோர் உரையால். அணுவின் படத்தில் உள்ள சிவப்பும் நீலமும் ஆய்வாளர் இட்டவை. ஒளியலையை விடச் சிறிய பொருளுக்கு அப்படித் தெரியும் நிறம் கிடையாது. உண்மையான ஆய்வேடு அதை மறைப்பதில்லை. இரைச்சலை எப்படி நீக்கினோம், எத்தனை முறை அளந்தோம் என்று எழுதிவைக்கிறது. ஆப்தன் எனப்படுபவன் கண்டவன் மட்டும் அல்லன். கண்டதைக் கண்டபடி சொல்லும் விருப்பம் உடையவன் என்று நியாய நூலுக்கு வாத்ஸ்யாயனர் எழுதிய உரை கூறுகிறது. அறிவும் வேண்டும், வாய்மையும் வேண்டும்.

வாய்மை தவறும்போது என்ன நேரும் என்பதற்கு 2002இல் சான்று கிடைத்தது. அமெரிக்காவின் புகழ்பெற்ற பெல் ஆய்வகத்தில் பணியாற்றிய இளம் இயற்பியலாளர் ஒருவர், மூலக்கூறு அளவிலான மின்கருவிகளைப் பற்றி வியக்கத்தக்க முடிவுகளைத் தொடர்ந்து வெளியிட்டுவந்தார். வெவ்வேறு கட்டுரைகளில், வெவ்வேறு சோதனைகள் என்று சொல்லப்பட்ட வரைபடங்களில் ஒரே இரைச்சல் திரும்ப வந்திருப்பதைச் சிலர் கவனித்தனர். இயற்கையின் இரைச்சல் ஒருமுறை வந்தபடி மறுமுறை வராது. விசாரணைக் குழு தரவுகள் புனையப்பட்டவை என்று கண்டது. அவர் பணிநீக்கம் செய்யப்பட்டார். அளவீட்டின் அழகை அவர் புனைந்துவிட்டார். அதன் நடுக்கத்தைப் புனைய அவருக்குத் தோன்றவில்லை.

அந்த நடுக்கம் அணுவுக்கே உரியது. 2021இல் கார்னெல் பல்கலைக்கழகத்தினர் எலக்ட்ரான் நுண்ணோக்கியின் குறைகளைக் கணக்கீட்டால் ஏறத்தாழ முற்றிலும் நீக்கிப் படமெடுத்தபோது, அணுக்கள் அப்போதும் சற்றே மங்கலாகத்தான் தெரிந்தன. அந்த மங்கல் கருவியின் குறை அன்று. வெப்பத்தால் அணுக்கள் தம் இடத்தில் நின்றபடியே துடித்துக்கொண்டிருக்கின்றன; படத்தில் எஞ்சியது அந்தத் துடிப்பு. குளிர்வித்தால் துடிப்பு குறையும். எவ்வளவு குளிர்வித்தாலும் முற்றிலும் நிற்காது.

ஒன்று மட்டும் இந்தக் கருவிகள் எதற்கும் அகப்படவில்லை. வைசேஷிக தரிசனத்திற்கு அப்பெயர் வந்ததே ‘விசேஷம்’ என்னும் அதன் கோட்பாட்டால் என்பர். ஒரே இனத்தைச் சேர்ந்த இரண்டு பரமாணுக்கள் எல்லாவற்றிலும் ஒத்திருந்தாலும், ஒன்றை மற்றொன்றிலிருந்து பிரிக்கும் தனித்தன்மை ஒன்று ஒவ்வொன்றிலும் உண்டு. யோகியர் அதை அறிவர் என்று அத்தரிசனம் கருதியது. நவீன இயற்பியல் இதில் எதிர்த்திசையில் சென்றது. 1924இல் டாக்காவிலிருந்து சத்யேந்திரநாத் போஸ், ஒளித்துகள்களைத் தனித்தனி அடையாளம் இல்லாதவையாக எண்ணினால்தான் கணக்குச் சரியாக வருகிறது என்று காட்டினார். அந்தக் கருத்து பின்னர் அணுக்களுக்கும் விரிந்தது. ஒரே வகையைச் சேர்ந்த, ஒரே நிலையில் உள்ள இரண்டு அணுக்களைப் பிரித்துச் சொல்ல அவற்றின் உள்ளே எந்தக் குறியும் இல்லை.

ஆகவே நுண்ணோக்கி கூறுவது இனத்தின் பெயரை மட்டுமே. மனிதனை அப்படிப் பெயரிட்டு முடித்துவிட்டோம் என்று எண்ணுவோர் இவ்விடத்தில் சற்று நிற்கவேண்டும். விகிதத்தால் அறியத்தக்கது ஒருவனது வகையை, ஒருவனை அன்று. அணுவைப் பொறுத்தவரை வகைக்கு மேல் அறிய வேறொன்றும் இல்லை என்கிறது இயற்பியல். ஒசாகாவில் முனை கடந்துசென்ற அந்தப் பரப்பில் ஒரு காரீய அணுவும் அதன் அருகே இன்னொரு காரீய அணுவும் நின்றன. இரண்டும் ஒரே விகிதத்தைத் தந்தன. இரண்டுக்கும் ஒரே நிறம் இடப்பட்டது. இது அது அன்று என்று சொல்ல, அவை நின்ற இடங்களைத் தவிர ஆய்வாளரிடம் வேறு எந்தக் குறிப்பும் இல்லை.